கேளாத வானொலி: ஒலிபரப்பு ஒழுங்குமுறை பற்றிய ஒரு கண்டனம்

தொழினுட்பம் வளர வளரச் சட்டத்தின் தேவை குறைந்து செல்லும் என்றொரு கருத்து இன்று கற்றோரிடையேயும் செல்வாக்குப் பெற்றுள்ளது. வானொலியைப் பொறுத்தவரை இக்கருத்து மிகுந்த உறுதியோடு எடுத்துரைக்கப்படுகின்றது. அலைவரிசைகள் அருமையாயிருந்த காலத்திலேயே அனுமதிப்பத்திரமும் கட்டுப்பாடும் வேண்டியிருந்தன. இலக்கமுறை ஒலிபரப்பும் இணையமும் வந்தபின் எவரும் எங்கிருந்தும் ஒலிபரப்பலாம். கேட்போர் விரும்பியதைக் கேட்பர், விரும்பாததை விடுவர். நிலையத்தைக் கணினியே நடத்திக்கொள்ளும். இதிற் சமூகத்துக்கு என்ன வேலை? என்பதே அவ்வாதத்தின் சாரம். மேலோட்டமாக நோக்குவோருக்கு இது சுதந்திரத்தின் குரலாகவே தோன்றும். ஆனால், வானொலிச் சட்டத்தின் வரலாற்றை ஒருமுறை புரட்டிப் பார்ப்போருக்கு, இவ்வாதம் எந்தக் கேள்வியை விழுங்கிவிட்டு எழுகின்றது என்பது புலனாகும். வானொலி எதைப் பேசுகின்றது, எவருக்காகப் பேசுகின்றது என்பன அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள். வானொலி எவருக்குச் செவிகொடுக்கின்றது என்பது கேட்கப்படுவதேயில்லை. வானொலிச் சட்டம் பிறந்ததோ இந்தக் கேள்வியிலிருந்துதான்.

காவலிருந்த செவி

1912 ஏப்ரல் 14 ஆம் நாள் இரவு வட அத்திலாந்திக் சமுத்திரத்தில் ரைற்றானிக் கப்பல் பனிப்பாறையொன்றில் மோதிற்று. அக்காலத்தில் வழக்கிலிருந்த வானொலித் தந்திக் கருவிகளுள் மிக வலிமை வாய்ந்ததொன்று அக்கப்பலில் இருந்தது. மோதுவதற்குச் சற்று முன்னர், பனிக்கட்டிகளிடையே தரித்து நின்ற கலிபோர்ணியன் என்னும் கப்பலின் வானொலி இயக்குநர் பனி பற்றி எச்சரிக்க முயன்றார். ரைற்றானிக்கின் இயக்குநரோ பயணிகள் கட்டணம் செலுத்திக் கொடுத்த தந்திகளைக் கரை நிலையத்துக்கு அனுப்புவதில் மூழ்கியிருந்தார். குறுக்கிட வேண்டாம் என்ற மறுமொழியே கிடைத்தது. கலிபோர்ணியனில் இயக்குநர் ஒருவரே பணியிலிருந்தார். பகல் முழுவதும் உழைத்த அவர் கருவியை நிறுத்திவிட்டு உறங்கச் சென்றார். சில நிமிடங்களில் ரைற்றானிக் மோதிற்று. அதன் அபாயக் குறிப்புகள் எழுந்தபோது அண்மையிலிருந்த கப்பலின் செவி மூடியிருந்தது. ஏறத்தாழ 58 மைல் தொலைவிலிருந்த கார்ப்பேதியா என்னும் கப்பலின் இயக்குநர் உறங்கப்போகச் சற்றுத் தாமதித்தமையாலேயே அக்குறிப்புகளைக் கேட்க நேர்ந்தது. அக்கப்பல் விரைந்து சென்று 700 க்கு மேற்பட்டோரைக் காத்தது. ஏறத்தாழ 1500 பேர் கடலில் மாண்டனர்.

இந்நிகழ்ச்சியிற் கருவிக்குக் குறைவில்லை, அலைக்குத் தடையில்லை, பயிற்சி பெற்ற மனிதருக்கும் பஞ்சமில்லை. குறைபாடுகள் இரண்டேதாம். காசு பெற்று அனுப்பிய செய்தி உயிர்காக்கும் செய்தியை ஒதுக்கித் தள்ளிற்று. இரவில் விழித்திருந்து கேட்கும் கடமை எவருக்கும் விதிக்கப்பட்டிருக்கவில்லை. இவை இரண்டும் தொழினுட்பத்தின் குறைபாடுகளல்ல, ஒழுங்குமுறையின் குறைபாடுகள். ஆகவே, பரிகாரமும் ஒழுங்குமுறையிலேயே தேடப்பட்டது. பெருந்தொகையினரை ஏற்றிச் செல்லும் கப்பல்களில் இரவும் பகலும் வானொலிக் காவல் இருத்தல் வேண்டும் என்று அதே ஆண்டில் அமெரிக்கச் சட்டம் விதித்தது. 1914 இல் லண்டனில் உருவான கடலில் உயிர்ப்பாதுகாப்புப் பற்றிய சர்வதேச உடன்படிக்கையும் இதே நெறியைக் கைக்கொண்டது.

பின்னர் எழுந்த சர்வதேச விதிகள் இதனினும் ஒருபடி மேலே சென்றன. அபாயக் குறிப்புகளுக்குரிய 500 கிலோ ஹேர்ட்ஸ் மீடிறனில், ஒவ்வொரு மணித்தியாலத்திலும் 15 ஆம் நிமிடத்திலிருந்து 18 ஆம் நிமிடம் வரையும், 45 ஆம் நிமிடத்திலிருந்து 48 ஆம் நிமிடம் வரையும் அனைவரும் அமைதி காத்தல் வேண்டும். கப்பல்களின் வானொலி அறைக் கடிகாரங்களில் அந்நிமிடங்கள் சிவப்பு நிறத்தாற் குறிக்கப்பட்டிருந்தன. வலிமை குன்றிய கருவியோடு நடுக்கடலில் தத்தளிக்கும் ஒருவனின் குரல், வலியோரின் பேச்சொலியில் அமிழ்ந்துவிடலாகாது என்பதே அவ்விதியின் கருத்து. பேசும் உரிமை ஒருவர்க்கு வழங்கப்படும்போது கேட்கும் கடமையும் உடன் விதிக்கப்படுகின்றது. வானொலி ஒழுங்குமுறையின் அறம் இதுவே.

இருவகைச் சுழல்கள்

இன்றைய வணிக வானொலி நிலையம் பெரும்பாலும் கணினியால் இயக்கப்படுகின்றது. பாடல்களும் விளம்பரங்களும் அறிவிப்பாளரின் குரல் துண்டுகளும் கோப்புகளாகச் சேமிக்கப்பட்டு, நிரலொன்று அவற்றை வரிசைப்படி ஒலிக்கச் செய்கின்றது. ஒரு கட்டளைத் தொகுதியை மீண்டும் மீண்டும் நிறைவேற்றும் அமைப்பை நிரலாக்கத் துறையினர் 'லூப்' என்பர். தமிழிற் சுழல் எனலாம். நள்ளிரவில் அறிவிப்பாளர் நேயர்களுக்கு வணக்கம் கூறுவதாகக் கேட்கும் குரல், முதல் நாள் மாலையில் வேறொரு நகரத்திற் பதிவு செய்யப்பட்டதாயிருக்கலாம். நிலையத்தின் கதவு பூட்டப்பட்டிருக்கும். சுழல் மட்டும் சுழன்றுகொண்டிருக்கும்.

இதனைக் கண்டிப்போர் இயந்திரத்தை வெறுக்கும் பழைமைவாதிகள் என்று இகழப்படுகின்றனர். கப்பல் வானொலியிலும் மனிதக் காவல் நீங்கிவிட்டதே எனவும் அவர்களிடம் வினவப்படுகின்றது. உண்மைதான். 1999 பெப்ருவரி முதலாந் திகதி தொடக்கம் உலகளாவிய கடல் அபாய, பாதுகாப்பு முறைமை முழுமையாக நடைமுறைக்கு வந்தது. செவிப்பொறி அணிந்து காவலிருந்த மனிதரின் இடத்தைத் தானியங்கிக் கருவிகள் பெற்றன. ஆயின், இங்கு நுணுகி நோக்கவேண்டிய வேறுபாடொன்று உண்டு. கப்பலில் மனிதனின் இடத்தைப் பெற்ற இயந்திரம் கேட்கும் இயந்திரம். அதன் நிரலும் ஒரு சுழலே. ஆனால், அபாயக் குறிப்பு வருகின்றதா என்று இடையறாது வினவி, வந்தவுடன் மணியடித்து மனிதனை எழுப்பும் சுழல் அது. வணிக வானொலியில் மனிதனின் இடத்தைப் பெற்றதோ பேசும் இயந்திரம். வெளியுலகிலிருந்து எதையும் உள்வாங்காது, முன்னரே இட்டவற்றை ஒப்புவித்துவிட்டு மீண்டும் தொடக்கத்துக்குத் திரும்பும் சுழல் அது. முன்னையது காவற்காரனின் சுற்று; பின்னையது செக்குமாட்டின் சுற்று. இரண்டையும் 'தன்னியக்கம்' என்ற ஒரே பெயரால் அழைத்து, ஒன்றின் நன்மையைக் காட்டி மற்றையதை நியாயப்படுத்துவது தருக்கமாகாது.

மைனொற் நகரின் இரவு

இவ்வேறுபாடு நடைமுறையில் எத்தகைய விளைவைத் தரும் என்பதற்கு அமெரிக்காவின் வரலாறே சான்று. 1927 ஆம் ஆண்டின் வானொலிச் சட்டமும் 1934 ஆம் ஆண்டின் தொடர்பாடற் சட்டமும், ஒலிபரப்பு அனுமதியைப் பொதுமக்களின் நலனுக்குக் கட்டுப்பட்டதாக வகுத்தன. தனியுடைமையைப் போற்றும் அந்நாடுகூட அலைவரிசையைத் தனிச்சொத்தாக எவருக்கும் எழுதிக்கொடுக்கவில்லை. 1996 ஆம் ஆண்டின் தொலைத்தொடர்புச் சட்டம் இந்நிலையைத் தளர்த்திற்று. அதுவரை நாடு முழுவதிலும் ஒருவர் 40 வானொலி நிலையங்களுக்கு மேல் வைத்திருக்க முடியாதென்றிருந்த எல்லை நீக்கப்பட்டது. சில ஆண்டுகளுள் கிளியர் சனல் என்ற நிறுவனம் மட்டும் 1200 க்கு மேற்பட்ட நிலையங்களைத் தன்வசமாக்கிக் கொண்டது. இத்தனை நிலையங்களையும் குறைந்த செலவில் நடத்துவதற்கு வழியாக அமைந்தது மேற்கூறிய சுழலே.

2002 ஜனவரி 18 ஆம் நாள் அதிகாலை, வட டக்கோற்றா மாநிலத்தின் மைனொற் நகரின் அருகே சரக்குப் புகையிரதமொன்று தடம்புரண்டது. தாங்கிகள் வெடித்து அமோனியா வாயு நகரின்மீது படர்ந்தது. கதவுகளை மூடி வீட்டினுள்ளே இருங்கள் என்ற ஒரு வாக்கியமே அப்போது மக்களுக்குத் தேவைப்பட்டது. நகரின் ஆறு வணிக வானொலி நிலையங்களும் கிளியர் சனலுக்கே உரியவை. அவற்றைத் தொடர்புகொள்ள முயன்ற காவற்றுறையினருக்கு உரியவேளையில் மறுமொழி கிடைக்கவில்லை. ஒருவர் இறந்தார், பலர் காயமுற்றனர். தவறு தன்னுடையதன்று, காவற்றுறையினரின் எச்சரிக்கைக் கருவியே முறைப்படி அமைக்கப்பட்டிருக்கவில்லை என நிறுவனம் வாதிட்டது. அவ்வாதத்தை முற்றாக ஏற்றுக்கொண்டாலும் முடிவு மாறுவதில்லை. கருவி தவறும் என்பதனாலேயே மனிதன் வேண்டப்படுகின்றான். கருவி தவறிய வேளையிற் கதவைத் தட்டினால் திறப்பதற்கு ஆளிருக்க வேண்டும் என்பதைத்தான் 1912 ஆம் ஆண்டின் சட்டம் தொண்ணூறு ஆண்டுகளுக்கு முன்னரே கூறியிருந்தது.

இதிலிருந்து அந்நாட்டின் ஆட்சியாளர் கற்ற பாடம் வியப்புக்குரியது. ஒலிபரப்பு நிலையம் தான் சேவை செய்யும் பிரதேசத்துக்கு அண்மையில் கலையகமொன்றை வைத்திருத்தல் வேண்டும் என்று ஏறத்தாழ எண்பது ஆண்டுகள் நிலைத்திருந்த விதி, 2017 ஒக்ரோபரில் நீக்கப்பட்டது. இணையமும் தொலைபேசியும் இருக்கையிற் கலையகம் எதற்கு என்பதே கூறப்பட்ட நியாயம். அதற்கு ஒரு மாதத்துக்கு முன்னரேயே, 2017 செப்ரெம்பரில், மரியா சூறாவளி புவேட்டோ றிக்கோத் தீவைத் தாக்கி அங்கிருந்த கையடக்கத் தொலைபேசிக் கோபுரங்களுள் 95 வீதமானவற்றைச் செயலிழக்கச் செய்திருந்தது. அவ்வேளையில் வாபா என்னும் மத்திய அலை வானொலி நிலையம் தொடர்ந்து ஒலிபரப்பியது. மக்கள் அந்நிலையத்துக்கே நேரில் வந்து, உறவினருக்குச் சொல்லவேண்டிய செய்திகளை ஒப்படைத்தனர். கோப்புகள் மட்டும் குடியிருக்கும் நிலையமாயின், அம்மக்கள் எவர் கையிற் செய்தியைக் கொடுத்திருப்பர்?

வடிவத்தினுள் ஒளிந்திருக்கும் சட்டம்

இலக்கமுறை வடிவங்கள் பற்றியும் இங்கு ஒரு சொல் கூறல் வேண்டும். வடிவம் என்பது பொறியியலாளரின் விடயம், கலைப்பீடத்தாருக்கு அதில் அலுவலில்லை என்ற மனப்பான்மை பல்கலைக்கழகங்களில் வேரூன்றியுள்ளது. உண்மையில் ஒலிபரப்பு வடிவமும் ஒரு சட்டமே. எவர் பேசலாம், எவர் கேட்கலாம் என்பதை அது சொல்லாமற் சொல்லித் தீர்மானிக்கின்றது.

பண்பலை ஒலிபரப்பை உருவாக்கிய எட்வின் ஆம்ஸ்ரோங்கின் வரலாறு இதற்குத் தக்க உதாரணம். அமெரிக்காவிற் பண்பலைக்கு முதலில் 42 தொடக்கம் 50 மெகா ஹேர்ட்ஸ் வரையிலான பகுதி ஒதுக்கப்பட்டிருந்தது. 1945 இல் ஒழுங்குமுறை ஆணைக்குழு அதனை 88 மெகா ஹேர்ட்ஸுக்கு மேலே மாற்றியது. தொழினுட்பக் காரணமே கூறப்பட்டது. ஆனால், அதுவரை மக்கள் காசு கொடுத்து வாங்கிய பண்பலைப் பெட்டிகள் யாவும் ஒரு கையொப்பத்தாற் பயனற்றுப் போயின. 2017 இல் நோர்வே தனது தேசிய நிலையங்களின் பண்பலை ஒலிபரப்பை நிறுத்தி இலக்கமுறைக்கு மாறியபோதும் பழைய பெட்டிகளுக்கு இதே கதி நேர்ந்தது. செல்வம் மிக்க நோர்வே அதனைத் தாங்கிக்கொள்ளலாம். ஒரு வானொலிப் பெட்டியை இருபது ஆண்டுகள் பேணிப் பாவிக்கும் சமூகங்களிற் பெட்டி ஊமையானால் குடும்பமே செவிடாகும்.

உடைமை பற்றிய கேள்வியும் உண்டு. சாதாரண ஒலிபரப்பை வாங்குவதற்கு எவருடைய அனுமதியும் வேண்டியதில்லை. சில உதிரிப்பாகங்களைக் கொண்டு பாடசாலை மாணவனே ஒரு பெட்டியை அமைத்துவிடலாம். அமெரிக்காவில் 2002 இல் ஏற்றுக்கொள்ளப்பட்ட எச்.டி. வானொலி முறையோ தனியொரு நிறுவனத்தின் உடைமை. அதனைப் பயன்படுத்த விரும்பும் நிலையம் அந்நிறுவனத்துக்கு உரிமைக் கட்டணம் செலுத்துதல் வேண்டும். பெயர் பெற்ற எம்.பி.3 வடிவமும் 2017 வரை ஆக்கவுரிமைக் கட்டணத்துக்கு உட்பட்டதாகவே இருந்தது. அலைவரிசை பொதுச்சொத்து என்று ஒருபுறம் முழங்கிவிட்டு, அதனைத் திறக்கும் சாவியை மறுபுறம் தனியாரிடம் ஒப்படைத்தல் ஊர்க்கிணற்றைப் பொதுவில் வைத்துக் கயிற்றையும் வாளியையும் ஒருவன் வீட்டிற் பூட்டி வைப்பதை ஒக்கும்.

இலங்கை கற்கவேண்டியது

1925 டிசெம்பரில் ஒலிபரப்பைத் தொடங்கிய இந்நாட்டுக்கு இவை அந்நியமான பிரச்சினைகளல்ல. இலங்கை வானொலியின் தமிழ்ச்சேவை கடல் கடந்தும் பெயர் பெற்றமைக்குப் பாடல்கள் மட்டும் காரணமல்ல. பாடல்களை எந்த நிலையமும் ஒலிபரப்பலாம். தபாலட்டை எழுதிய நேயரின் பெயரையும் ஊரையும் வாசித்து, அவர் கேட்டதை ஒலிக்கச் செய்த அந்த முறையே மக்களைப் பிணித்தது. பேசும் வானொலி தங்களைக் கேட்கவும் செய்கின்றது என்ற உணர்வு அதிலிருந்து பிறந்தது. தமிழிற் கேட்போரை 'நேயர்' என்று வழங்கும் சொல்லே உறவைக் குறிக்கும் சொல்.

அவ்வுறவுக்குச் சட்டத்தின் ஆதரவும் உண்டு. முறைசாராக் கல்வி நிகழ்ச்சித் தொடரொன்றை இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம் 1995 இல் திடீரென நிறுத்தியபோது, தொலைபேசி மூலம் அதிற் பங்குபற்றி வந்த நேயர் ஒருவர் உயர் நீதிமன்றத்தை நாடினார். பங்குபற்றும் நேயரின் கருத்துச் சுதந்திரம் மீறப்பட்டுள்ளதென 1996 இல் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மறு ஆண்டு, ஒலிபரப்பு அதிகாரசபைச் சட்டமூலத்தை ஆராய்ந்த அதே நீதிமன்றம், அலைவரிசைகள் பொதுச்சொத்து எனவும், அவற்றை ஒழுங்குபடுத்தும் அமைப்பு அரசாங்கத்தின் தலையீட்டிலிருந்து விடுபட்டதாக இருத்தல் வேண்டுமெனவும் தீர்மானித்து, அச்சட்டமூலம் அரசியலமைப்புக்கு முரணானது என்றது. இந்திய உயர் நீதிமன்றமும் 1995 இல் அலைவரிசை பற்றி இதே கொள்கையை உரைத்திருந்தது.

அத்தீர்ப்புகள் நூலகங்களில் தங்கிவிட்டன. 1997 இன் பின்னர் கால் நூற்றாண்டு கழிந்தபோதும் அத்தகைய சுதந்திர அமைப்பு உருவாகியிருக்கவில்லை. தனியார் நிலையங்களுக்கான அனுமதி, 1966 ஆம் ஆண்டின் கூட்டுத்தாபனச் சட்டம் அமைச்சருக்கு அளித்த அதிகாரத்தின் வழியே வழங்கப்பட்டு வந்தது. இதனாற் கட்டுப்பாடு என்றாலே அமைச்சரின் கட்டுப்பாடு என்ற எண்ணம் நிலைபெற்று, அதற்கு அஞ்சியோர் கட்டுப்பாடே வேண்டாம் என்னும் சந்தைவாதிகளின் பக்கம் சாய்ந்தனர். அரசின் ஒலிபெருக்கி ஒருபுறம், வணிகரின் சுழல் மறுபுறம் என்ற இரண்டே வழிகள் உள்ளனபோல் விவாதம் குறுகிவிட்டது. இவ்விரண்டுக்கும் பொதுவான இயல்பு ஒன்றுண்டு: இரண்டும் பேசும், இரண்டும் கேளா.

கேளாமையின் விலையை 2004 டிசெம்பர் 26 காட்டிற்று. அன்று ஞாயிற்றுக்கிழமை, போயா தினமும்கூட. காலை ஏழு மணிக்குச் சற்று முன் சுமாத்திராவின் அருகே பூகம்பம் நிகழ்ந்தது. ஹவாயிலுள்ள பசுபிக் ஆழிப்பேரலை எச்சரிக்கை நிலையம் அதனைச் சில நிமிடங்களிலேயே அறிந்திருந்தும், இந்து சமுத்திர நாடுகளுக்கு அறிவிக்கும் ஒழுங்கு எதுவும் இருக்கவில்லை. ஏறத்தாழ இரண்டு மணி நேரத்தில் அலை கிழக்குக் கரையை அடைந்தது. கிழக்கு அழிந்த பின்னரே அது தெற்கையும் தென்மேற்கையும் சுற்றி வந்தது. கொழும்பிலிருந்து சென்ற புகையிரதம் பெரலியவில் அலையால் மூடப்பட்டு ஆயிரத்துக்கு மேற்பட்டோர் இறந்தமை அதன் பின் நிகழ்ந்தது. அன்றைய பேரழிவுக்குத் தன்னியக்க நிரல்களைக் குற்றஞ்சாட்டுவது பொருந்தாது. எச்சரிக்கை முறைமையே இல்லாதிருந்தமைதான் மூலகாரணம். ஆனால், கல்முனையின் ஓலம் காலியின் செவியை எட்டுவதற்கு வேண்டிய பாதை அந்த இடைவேளையில் இருக்கவில்லை என்பதை எவரும் மறுக்க முடியாது. 2005 ஆம் ஆண்டின் 13 ஆம் இலக்க அனர்த்த முகாமைத்துவச் சட்டம் மேலிருந்து கீழே எச்சரிக்கை செல்வதற்கு வழி வகுத்தது. கரையோரக் கிராமத்தின் குரல் கீழிருந்து மேலே சென்று, அலைவரிசையை அடைந்து, நாடெங்கும் ஒலிப்பதற்கான வழி ஒலிபரப்பு அனுமதியிலேயே விதிக்கப்படவேண்டிய ஒன்று.

விதிக்கப்படவேண்டியவை

இதற்குப் பெருந்திட்டங்கள் எவையும் வேண்டியதில்லை. அனுமதிப்பத்திரத்திற் சேர்க்கப்படவேண்டிய நிபந்தனைகள் சிலவே போதும். ஒலிபரப்பு நிகழும் நேரமெல்லாம், நிரலை இடைநிறுத்திப் பேசும் அதிகாரமுடைய மனிதர் ஒருவர் பணியிலிருத்தல் வேண்டும். பகல் இரவு என்ற வேறுபாடு இதிற் கூடாது. அவசர அறிவிப்புகள் சிங்களத்திலும் தமிழிலும் சம நேரத்தில் வெளிவருவதற்கு ஆளும் ஒழுங்கும் இருத்தல் வேண்டும். தமிழும் அரசகரும மொழியென 1987 இல் அரசியலமைப்பு ஏற்றுக்கொண்டதன் பொருள், வெள்ளம் வந்து வடிந்த பின்னர் மொழிபெயர்ப்பு வருவதென்பதன்று. இலக்கமுறைக்கு மாறும் காலத்தில் எவருக்கும் உரிமைக் கட்டணம் கட்டத் தேவையில்லாத வடிவமே தெரிவு செய்யப்படுதல் வேண்டும். மலிவான பெட்டி மலையகத்து லயங்களுக்கும் வன்னிக் கிராமங்களுக்கும் சென்றடையும்வரை பழைய ஒலிபரப்பு நிறுத்தப்படலாகாது. இந்நிபந்தனைகளைக் கண்காணிக்கும் பொறுப்பு, 1997 ஆம் ஆண்டின் தீர்மானம் வேண்டியவாறு, அமைச்சருக்கும் வணிகருக்கும் கட்டுப்படாத அமைப்பிடம் இருத்தல் வேண்டும்.

இரவுப் பணிக்கு ஆள் வைப்பதாற் செலவு மிகும் என்று நிலைய உரிமையாளர் முறையிடுவர். கப்பலில் இரண்டாவது இயக்குநரை வைக்கவேண்டி வந்தபோதும் செலவு மிகவே செய்தது. மக்களுக்குரிய அலைவரிசையை வைத்துப் பொருளீட்டுவோர் மக்களுக்காக ஒருவரை விழித்திருக்கச் செய்வது தருமமன்று, கடன். அனுமதிப்பத்திரம் புதுப்பிக்கப்படும் நாளில் ஒவ்வொரு நிலையத்திடமும் முதலிற் கேட்கப்படவேண்டிய கேள்வி இதுவே: அதிகாலை இரண்டு மணிக்கு நிலையத்தின் தொலைபேசி ஒலித்தால் அதனை எடுப்பவர் யார்? பெயர் சொல்ல இயலாத நிலையத்துக்கு அலைவரிசையும் வழங்கப்படலாகாது.